மூடியில் எழுதக் கூடாது

மூடியில் எழுதக் கூடாது பெயரை.
மூடி மாறிப்போகும். டப்பாவின் உடம்பில் எழுது.
பயிற்சியில் சொன்ன முதல் விதி.
பதினோரு வருஷத்தில் ஒரு நாளும் நான் தவறியதில்லை.

மொகோட்லோங் மலையில் ஜூன் மாதம் பனி விழும்.
குதிரைக்காரன் ட்செலிசோ
கம்பளிக்குள் பெட்டியை அணைத்தபடி வருவான்,
காய்ச்சல்காரப் பிள்ளையைக் கொண்டுவருகிறவன் போல.
உள்ளே பதினான்கு டப்பா.
பதினான்கு வீட்டு விடியற்கால இருமல்.

எச்சில் வேண்டாம் என்றுதான் எல்லோரிடமும் சொல்கிறோம்.
நுனிநாக்கில் இருப்பது பேச்சுக்கு ஆகும்,
பரிசோதனைக்கு ஆகாது.
வாயைக் கொப்பளி. கட்டடத்துக்குப் பின்னால் போ.
மூச்சை இழு, பிடி, விடு. மறுபடி இழு.
அடியிலிருந்து வரட்டும்.

கெட்டியாக, மஞ்சளாக,
சில நாள் ஒரு நூல் ரத்தத்தோடு
அது வரும்போது
துப்பியவரே முகத்தைத் திருப்பிக்கொள்வார்.
நான் திருப்புவதில்லை. எனக்கு அதில்தான் சோறு.

மொஹாபி ரமோகெலே. வயது ஐம்பத்திரண்டு.
இருபத்தாறு வருஷம் எல்லைக்கு அப்பால்
தங்கச் சுரங்கத்தில் பாறை துளைத்தவர்.
முதல் டப்பாவில் தண்ணீராய் எச்சில்,
நடுவே மிதந்தது ஒரு சோள உமி.
திருப்பி அனுப்பினேன்.
இரண்டாவதும் அப்படியே. அதையும் அனுப்பினேன்,
கொஞ்சம் கோபமாகவே ஒரு சீட்டு எழுதி.
மூன்றாவது
திறந்ததுமே தெரிந்தது, இது சரக்கு.

குச்சியால் கண்ணாடியில் தேய்த்து
சுடரில் மூன்று தரம் காட்டி
சிவப்பு ஊற்றி, ஆவி பறக்கச் சூடாக்கி
அமிலத்தில் கழுவினேன்.
மற்றதெல்லாம் நிறத்தை விட்டுவிடும்.
அது மட்டும் விடாது.
கடன்காரன் கையைப் பிடித்த மாதிரி
கொடுத்த சிவப்பைப் பிடித்துக்கொண்டு கிடக்கும்.
அப்புறம் நீலம். அப்புறம் ஒரு சொட்டு எண்ணெய்.

நீல வெளியெங்கும் சிவப்புக் கிறுக்கல்.
எண்ணி முடியவில்லை.
மூன்று கூட்டல் குறி போட்டு
சிவப்பு மையில் பதிந்தேன்: ரமோகெலே, மொஹாபி.

மாத்திரை போயிற்று.

ஆகஸ்டில் மறுபரிசோதனைக்கு வரச் சொன்னோம்.
அவர் குதிரைமேல். மனைவி கடிவாளத்தைப் பிடித்து முன்னால்.
சரிவில் மூன்று இடத்தில் நின்றாள்.
குதிரைக்கு இளைக்கிறது என்று நினைத்தேன் ஜன்னலிலிருந்து.

கட்டடத்துக்குப் பின்னால் அரைமணி இருமினார்.
ஒன்றும் வரவில்லை.
கல்லில் கல் உரசுகிற சத்தம், அவ்வளவுதான்.
சுவரோரம் நின்ற அவள்
போர்வையை வாயில் வைத்து
ஒரே ஒரு தரம் இருமினாள்.
அந்தச் சத்தத்துக்கு எடை இருந்தது.

மூன்றாவது டப்பா யாருடையது, என்றேன்.

"அவருக்கு வரவில்லை.
நீங்களோ திருப்பித் திருப்பி அனுப்பினீர்கள்.
ஒரே வீடு, ஒரே போர்வை,
இருமல் மட்டும் வேறயா என்று
நான் துப்பினேன்."

அவர் எங்களைப் பார்க்காமல் சொன்னார்:
"இரண்டு மாதம் எனக்கு ஆரஞ்சு நிறத்தில் மூத்திரம் போயிற்று.
இளைத்ததென்னவோ இவள்."

டப்பாவின் உடம்பில் பெயர் சரியாகத்தான் இருந்தது.

அவர் நெஞ்சுப் படம் அடுத்த வாரம் வந்தது.
சுரங்கம் அவருக்குள்ளேயே குடியிருக்கிறது, பொடிப்பொடியாக.
அதற்கு என்னிடம் சிவப்பும் இல்லை, மாத்திரையும் இல்லை.

ஆனால் அன்றைக்கு,
இருவரும் நின்றுகொண்டிருந்தபோது,
புது டப்பா ஒன்றை எடுத்து அவளிடம் பெயர் கேட்டேன்.
மாலெஷ்வானே, என்றாள்.
லெஷ்வானேயின் அம்மா என்று அர்த்தம்.
அது மகன் பெயர், உன்னுடையது?
கணவரைப் பார்த்தாள். அவருக்கும் உடனே வரவில்லை.
கெனெவே, என்றாள் பிறகு,
யாரையோ கூப்பிடுகிற மாதிரி.

பேனாவில் மை குளிரில் உறைந்திருந்தது.
முனைமேல் ஊதி ஊதி எழுதினேன்.