ரோஸ் கலர் பெண்ணையாறு

நேற்றைய அப்டேட்
எங்கள் பஸ்ஸை விழுங்கிவிட்டது.
திரை கறுப்பு.
விசில் மட்டும் கேட்கிறது:
கன்னியக்கோயிலில் ஒன்று, பிறகு இரண்டு.
முள்ளோடையில் ஒன்று, பிறகு இரண்டு.
இருட்டுக்குள்ளே வண்டி
ஓடிக்கொண்டுதான் இருக்கிறது.

பழைய டைரக்ட்எக்ஸுக்கு வாய்ப்பேச்சு போதும்.
'வரை' என்றால் வரையும்.
நடுவில் என் கொக்கி கை நீட்டி
ஆற்றில் வேறு தண்ணீர் ஊற்றினாலும்
யார் நீ என்று கேட்காது.

வல்கன், ஆல்பேட்டை சோதனைச்சாவடி.
பாண்டியிலிருந்து வருகிற ஒவ்வொரு பையையும்
ஜிப் திறந்து பார்க்கும்.
எந்த மெமரி, எந்த வரிசை,
யாருக்காக யார் காத்திருப்பது,
எல்லாம் முன்கூட்டியே எழுதிக் கொடு.
ஒரு வரி பிசகினால்
திட்டக்கூடச் செய்யாது;
கறுப்பு.

"விட்டுடு ஜெசிந்தா, வேற கேம் பார்ப்போம்"
என்கிறான் துளசிங்கம், செம்மண்டலத்திலிருந்து.
இருபத்தேழு ஸ்டாப்பிங்.
பெயர்ப்பலகை எழுத்து ஒவ்வொன்றும் என் கை.
தவளக்குப்பம் வேகத்தடையை
மூன்று முறை அளந்தவள் நான்.
விடுவதாவது.

கொக்கியை அறுத்தெறிந்து
லேயராகத் திருப்பி எழுதினேன்.
பதினோராம் இரவு படம் வந்தது.
பாலத்துக்குக் கீழே
பெண்ணையாறு முழுக்க ரோஸ் கலர்.
எங்கோ ஒரு டெக்ஸ்சர் வழி தவறியிருக்கிறது.
"சிப்காட் மேல பழியைப் போட்டுடு"
துளசிங்கம் சிரிக்கிறான்.

ஒவ்வொரு வளைவிலும்
முதல் தடவை வண்டி திக்குகிறது,
ஷேடர் வேகும் வரை.
இரண்டாம் டிரிப்பில் திக்கவில்லை.
மணி நாலேகால்.
ஆறு இன்னும் ரோஸ்தான்.
அதன்மேல்
இரண்டு விசில்.