நாற்பத்து மூன்று கிலோ

பணிநீக்க ஆணையில் என் பேரில் ஒரு ‘ள்’ இல்லை.
எடையாளர் ச. வெளையன்.
எடையில் குறைத்தவன் என்பதால்
எழுத்திலும் கொஞ்சம் பிடித்துக்கொண்டார்கள் போல.

குற்றம்: மிளகு, நாற்பத்து மூன்று கிலோ.
மாசித் தூறலில் ஏற்காட்டுச் சங்கக் குடோனுக்குள் வந்தபோது
அறுநூற்று எண்பது.
சித்திரையில் சேலம் லீ பஜாரில் இறங்கியபோது
அறுநூற்று முப்பத்தேழு.
இடையில் இருந்தது
வெயில் மட்டும்.

விசாரணையில் அதைத்தான் சொன்னேன்.
“ஈரத்தை யாருய்யா திருடுவா?” என்று சிரித்தார்கள்.
செயலாளர் சுகவனம் குறிப்பில் எழுதினார்:
தகுந்த விளக்கம் இல்லை.

பிழைப்பூதியம் என்று ஒரு சொல் இருப்பதே
பதினாலு மாசம் அது வராமல் போன பிறகுதான் தெரிந்தது.
அந்தப் பதினாலு மாசமும்
பொன்னாயி எஸ்டேட்டில் காப்பிப் பழம் பறித்த கூலிக்கு
சங்கத்துக் கடையில்
என் தராசிலேயே அரிசி நிறுத்து வாங்கினோம்.
புதுப் பையனுக்கு முள் நிற்கும்வரை பொறுமை இல்லை.

முதலில் மெட்ராஸ் போனேன், யாரோ ரிட்டு போடச் சொன்னார்கள் என்று.
நாலே வரியில் திருப்பி அனுப்பினார்கள்:
சங்கம் அரசு ஆகாது, மாற்று வழி உண்டு, அங்கே போகவும்.
எங்கள் மலையில் அரசாங்கம் என்றால் அந்தக் குடோன்தான்.
கோபுரம் போட்ட காலண்டர், அரக்கு வைத்த பூட்டு,
கையெழுத்துக்காகக் காத்திருக்கும் சனம்.
ரயிலில் இடம் கிடைக்கவில்லை.
நின்றபடியே யோசித்து வந்தேன், ஜோலார்பேட்டை தாண்டியும்:
அரசு இல்லையென்றால்
என்னை நீக்கியது எது?

அஸ்தம்பட்டியில் ஜெராக்ஸ் கடை மாடி. வக்கீல் பெர்னதத்.
பேசும்போது ஸ்டேப்லரைத் திறந்து திறந்து மூடுவார்.
“கூட்டுறவுச் சட்டத்துல தொண்ணூறுன்னு ஒண்ணு இருக்கு,
ஒழுங்கு நடவடிக்கை அதுல வராது, அந்தப் பக்கமே போகாதீங்க.
நூத்தி அம்பத்தி மூணுல பதிவாளர்கிட்ட சீராய்வு போகலாம்,
மேலோட்டமாப் பார்ப்பாங்க.
நீங்க தராசுகிட்ட நின்னவரு. தொழிலாளி.
லேபர் கோர்ட்டுதான் உங்க வாசல்.
சம்பளச் சீட்டு இருக்கா?”
இருந்தது. சீயக்காய் டப்பாவில்.

சமரச அதிகாரி முன்னால் மூன்று முறை.
மூன்றிலும் சுகவனம் வரவில்லை.
முறிவறிக்கை தந்தார்கள்.
முறிந்துவிட்டது என்று எழுதித் தந்த பிறகுதான்
அடுத்த கதவு திறக்குமாம்.

அப்புறம் வாய்தா.
வாய்தாக்களை நான் எண்ணவில்லை, வளைவுகளை எண்ணினேன்.
இறங்க இருபது, ஏற இருபது.
ஒன்பதாவதில் எப்போதும் காது அடைக்கும்.
ஒரு நாள் நீதிபதி விடுப்பு.
ஒரு நாள் அவர்கள் வக்கீலுக்கு மாமனார் சாவு.
ஒரு நாள் மழை, மண் சரிந்து பஸ்ஸே இல்லை,
நான் வராததை மட்டும் எழுதிக்கொண்டார்கள்.

குறுக்கு விசாரணை மூன்று நிமிடம்.
“ஈரப்பதம் பார்க்கும் கருவி சங்கத்தில் உண்டா?”
“உண்டு.”
“மாசியில் பார்த்தீர்களா?”
“பேட்டரி இல்லை.”
தட்டச்சு செய்தவர் தலையை நிமிர்த்திக் கேட்டார்,
சின்ன ரகரமா, பெரிய றகரமா என்று.

மீண்டும் வேலை. பணித்தொடர்ச்சி. பாதிச் சம்பளம்.
தீர்ப்பில் என் ‘ள்’ இருந்தது, விரலால் தொட்டுப் பார்த்தேன்.
பாதி ஏன் என்றேன்.
“மீதி காய்ஞ்சு போச்சுன்னு வச்சுக்கங்க”
என்றார் பெர்னதத், ஸ்டேப்லரை மூடி.

போன வெள்ளிக்கிழமை
பஸ்ஸில் பக்கத்து சீட்டில் சுகவனம்.
உரக்கணக்கில் என்னவோ, தற்காலிகப் பணிநீக்கம்.
எட்டு வளைவு வரை ஜன்னலைப் பார்த்துக்கொண்டு வந்தார்.
ஒன்பதாவதில் கேட்டார்:
“அந்தப் பிழைப்பூதியம், எவ்வளவு தரணும்?”

முதல் தொண்ணூறு நாள் பாதி.
அடுத்த தொண்ணூறு முக்கால்.
அதைத் தாண்டினால் முழுசு.
டிக்கெட்டின் பின்னால் எழுதிக்கொண்டார்.
வக்கீல் பேரையும் கேட்டார். சொன்னேன்.
ஜெராக்ஸ் கடை மாடி என்றும் சொன்னேன்.

கீழே இப்போது பேக்கரி.
அதைச் சொல்ல மறந்துவிட்டேன்.
மறந்தேனா.