பந்து ஒன்று குறைவு

இருப்புப் பதிவேடு, முதல் பக்கம்:
பந்து இரண்டு, பிளாடர் நான்கு, காற்றடிக்கும் பம்பு ஒன்று.
ஆண்டு அறுபத்தெட்டு.
கையெழுத்து எனக்கு முன் இருந்த மார்க்கருடையது.
பம்பு எதற்கு என்று அப்போதே யாராவது கேட்டிருக்க வேண்டும்.
பணகுடியில் காற்றுக்கா பஞ்சம்?

கல்லூரிக்குச் சுற்றுச்சுவர் எழுப்பியபோது
மேற்கே வருகையில் பணம் தீர்ந்துவிட்டது.
கணவாய்க்குள் புகுந்து வருகிற காற்று
பட்டியலில் பெயர் இல்லாமலே ஆடும்.
ஆடி மாதம் கோல்கீப்பர் உதைத்த பந்து
நடுக்கோடு வரை போய்
என்னமோ மறந்துவிட்ட மாதிரி
அவன் கைக்கே திரும்பும்.
காலையில் நான் போட்ட சுண்ணாம்புக் கோடு
விசில் ஊதுமுன்
ராதாபுரம் பக்கம் போயிருக்கும்.

தங்கையா மாஸ்டர் உயரப் பந்தைத் தடைசெய்தார்.
"தரையில வைலே.
தரை நம்மளது. மேல உள்ளது அதுக்குள்ளது."
மூன்று வருஷம் இதையேதான் சொன்னார்.
பிறகு இடிந்தகரையிலிருந்து கஸ்பாரும் சிலுவைப்பிச்சையும் வந்தார்கள்,
கடல் மணலில் வெறுங்காலால் படித்தவர்கள்.
பூட்ஸ் கொடுத்தோம், நொண்டினார்கள்.
எழுதினேன்: பூட்ஸ் இரண்டு ஜோடி, புதிது,
பயன்படுத்தப்படவில்லை.
எங்கள் மைதானத்துக்கு வந்து
ஜெயித்துப் போனவர்கள் குறைவு.

எண்பத்தேழு. பாளையங்கோட்டை. இறுதி ஆட்டம்.
அன்றைக்கு ஓர் இலை அசையவில்லை.
எழுபதாவது நிமிஷம் உயரே வந்த பந்தை
எங்கள் பேக் இரண்டு பேரும் அண்ணாந்து பார்த்து நின்றார்கள்,
திரும்பிப் போகும் என்று.
போகவில்லை.
வரும் வழியில் நாங்குநேரியில் வேனை நிறுத்தினோம்.
புரோட்டா நாற்பத்தாறு, சால்னா தனி, ரசீது இணைப்பு.
அந்தப் பக்கத்தில் வேறொன்றும் எழுதவில்லை.

தொண்ணூற்றைந்தில்
ஆளுக்கு முன்னால் அவன் தெரு வரத் தொடங்கியது.
பஸ்கள் பாதி வழியில் நின்றன.
பதினாறு பெயர் ஒட்டினோம்,
ஜீப்பில் ஏறியவர்கள் ஏழு.
இசக்கியப்பன் பாஸ் கொடுப்பான், சொர்ணமுத்து வாங்குவான்,
கண்ணைக் கட்டினாலும் தப்பாது.
இப்போது ஒருவன் தெரு முனையில் போலீஸ் வேன்,
இன்னொருவன் தெருவில் அதுவும் இல்லை.
அணியைக் கலைத்தோம் என்று எவரும் உத்தரவு போடவில்லை.
சுண்ணாம்புக்கு நிதி இல்லை என்று மட்டும் ஒரு தாள் வந்தது.
கோல் கம்பத்தில் ஹாஸ்டல் பையன்கள் லுங்கி காயப்போட்டார்கள்.
சுற்றிலும் காற்றாலைகள் முளைத்தன,
மூன்று கை கோல்கீப்பர்கள்
வரிசை வரிசையாய்,
ஒன்றையும் பிடிக்காமல்.

பந்து ஒன்று குறைந்தது அந்த வருஷம்தான்.
தணிக்கைக்கு வருகிறவர் சிவப்பு மையில் கேட்பார்:
விளக்கம் தருக.
நான் எழுதுவேன்: காற்று.

கலவரம் ஓய்ந்த ஒரு ஞாயிறு, விடிந்தும் விடியாமல்,
வறண்ட குளத்துக்குள் அதைப் பார்த்தேன்.
இந்தக் கரையடியில் இசக்கியப்பன்.
அந்தக் கரையடியில் சொர்ணமுத்து.
பேச்சே இல்லை.
பந்து போகும், வரும்.
கேட்டு வாங்கிவரப் போனவன்
சைக்கிளைத் திருப்பிக்கொண்டேன்.

இரண்டாயிரத்துப் பதினொன்றில் பெண்கள் கேட்டார்கள்.
பேச்சித்தாய், மரிய ஜெனோவா, சபுரா, இன்னும் ஒன்பது பேர்.
ஸ்டோர் ரூமைத் திறந்தால்
கஸ்பாரின் பூட்ஸுக்குள் எலிக்குஞ்சு.
"காத்து எந்தப் பக்கம், அண்ணாச்சி?"
ஒரு பிடி சுண்ணாம்பை மேலே எறிந்து காட்டினேன்.
மாஸ்டர் சொன்னதையும் சொன்னேன்.
பேச்சித்தாய் தலையாட்டிவிட்டு
கார்னரில் பந்தை வைத்து
மைதானத்துக்கு வெளியே உதைத்தாள், வேண்டுமென்றே, உயரத்தில்.
போச்சு, இன்னொன்று குறைவு என்று நினைத்தேன்.
அது ஆலமரத்தை நோக்கிப் போய்
சாய்ந்து
வளைந்து
உள்ளே வந்தது.

வலை இல்லை.
முந்தின நாள்தான் கேட்டு எழுதியிருந்தேன்.
பந்து கம்பங்களுக்கு நடுவே நுழைந்து
ரோடு வரை ஓடியது.
சபுரா அதன் பின்னால்.