கடல் தின்ற கல்லுக்குக் காலம் இல்லை

வக்கீலம்மா,
நாள்கணக்கை முதலிலிருந்தே சொல்லுகிறேன்.
நடுவில் மணிமேடை அடித்தால் நிறுத்திக்கொள்வேன்,
அந்தச் சத்தம் இப்போது வயிற்றில் விழுகிறது.

குறும்பனைக்கு மேற்கே தூண்டில் வளைவு.
டெண்டர் என் பேரில்,
அதற்கான ஈடு மாமனாரின் ரப்பர் தோட்டம்.
சித்திரங்கோட்டிலிருந்து கல்,
ஒன்று ஒரு டன்னுக்குக் குறையாமல்.
இடவப்பாதி பிடித்த ராத்திரி
கடல் அடியைத் தோண்டியது.
சாயங்காலம் போட்டது காலையில் இல்லை.
மறுபடி போட்டோம்.
மறுபடி இல்லை.
ஆயிரத்து நூற்று நாற்பது டன் அப்படிப் போனது.
லாரிச் சீட்டு இருக்கிறது, எடைச் சீட்டு இருக்கிறது.
கல்தான் கண்ணுக்கு இல்லை.

அளக்க வந்த ஏ.இ. பெனின்
மேலே தெரிந்ததை மட்டும் அளந்தார்.
"கீழ கிடக்கியதையும் எழுதும் சாரே."
எம்-புக்கைத் திருப்பிக் காட்டினார்:
"கடல் தின்ன கல்லுக்கு
இதுல காலம் இல்ல, வேதமாணிக்கம்."
அவர் சொன்னது கோடு போட்ட காலம்.
மற்ற காலம் நிறைய இருக்கிறதென்று
நான் வீட்டுக்கு வந்தேன்.

பிப்ரவரி மூன்றில் இறுதிப் பில்.
என் கோரிக்கை மேல் ஒரு சிவப்புக் கோடு,
ஸ்கேல் வைத்துப் போட்டது.
ஒன்பதாம் நாள் ஆபீசுக்குப் போனேன். மீட்டிங்.
முப்பத்தொன்றாம் நாள்
"மார்ச் முடியட்டும்" என்றார்கள்.
மார்ச் முடிந்ததும் பெரிய பொறியாளருக்கு மாறுதல்.
புதியவர் ஃபைலைப் படிக்க வேண்டும்,
ஃபைல் தணிக்கைக்குப் போயிருக்கிறது.
மகளுக்குப் பிளஸ் டூ பரீட்சை.
பெரிய வியாழன், பெரிய வெள்ளி.
யாரும் 'இல்லை' என்று சொல்லவில்லை, அம்மா.
அதுதான் என்னைக் கொன்றது.
'பார்ப்போம்' என்ற சொல்லில்
எத்தனை நாள் பிடிக்கும் என்று
எந்த எடைமேடையில் நிறுத்துவது?

எண்பத்துமூன்றாம் நாள் கள்ளக்கடல்.
காற்றில்லை, மழையில்லை,
நட்டுச்சைக்குக் கடல் எழுந்து வந்தது.
பைக்கை எடுத்துக்கொண்டு ஓடினேன்.
கிழக்கே ரோடு போயிருந்தது, இரண்டு வள்ளம் போயிருந்தது.
என் வளைவு நின்றது.
எதன்மேல் நின்றது?
அவர்கள் அளக்காததன்மேல் நின்றது.

தொண்ணூற்றேழாம் நாள் உங்கள் படியேறினேன்.
நீங்கள் கண்ணாடியை மாட்டி வாசித்தீர்கள்:
தொண்ணூறு நாளுக்குள் எழுத்தில் நடுவர் கேட்காவிட்டால்
கோரிக்கையைக் கைவிட்டதாகக் கொள்ளப்படும்.

கைவிட்டதாக.
நான் கடலில் விட்டது கல்லை.

சட்டம் மூன்று வருடம் தருகிறது என்கிறீர்கள்,
ஒப்பந்தம் மூன்று மாதம் என்கிறது,
எதற்குக் கனம் அதிகம் என்பதை
நடுவர்தான் சொல்ல வேண்டும் என்கிறீர்கள்.
அவரிடம் போக எனக்கு நாள் இருக்கிறதா என்பதையும்
அவரிடம் போய்த்தான் கேட்க வேண்டுமாம்.
கடலைத் தாண்டக் கடலிடமே தோணி கேட்கிற மாதிரி.
சரி, கேட்போம்.

ஒன்று சொல்ல விட்டுப்போனது.
அந்தக் கள்ளக்கடல் நாளில்
வளைவை ஒரு போட்டோ எடுத்து
பெனினுக்கும் புதிய பெரியவருக்கும் அனுப்பினேன்.
கீழே இரண்டு வரி:
"சாரே, இதுக்கு ஒரு முடிவு வேணும்.
நடுவுல ஒரு ஆள வச்சுப் பேசுவமா?"

ஏன் எழுந்துவிட்டீர்கள்?

ஆமாம், வாட்ஸ்அப்தான்.
ஆமாம், இரண்டு டிக்கும் நீலம்.
பெரியவர் பதில் போட்டார்,
சொல் இல்லை, ஒரு பெருவிரல்.
அது எழுத்தாகுமா என்று எனக்குத் தெரியாது.
என் அப்பா கைநாட்டு.
அவர் பெருவிரல் வைத்த கிரயப் பத்திரம்
தக்கலை ஆபீசில் இன்றும் செல்லுகிறது.

நீங்கள் சிரிக்கவில்லை.
எண்பத்துமூன்று என்று எழுதி வட்டமிட்டீர்கள்,
ஜூனியர் பெண்ணைச் சார்ஜர் கொண்டுவரச் சொன்னீர்கள்.

வெளியே மணி அடித்தது.
போனில் நான்கு சதவீதம் இருந்தது.