குறைவுக்கான காரணம்

இருப்புப் பதிவேடு, பக்கம் நாற்பத்தொன்று:
பூகோள உருண்டை, ஒன்று.
வாங்கிய ஆண்டு அறுபத்திரண்டு.
விலை முப்பத்தெட்டு ரூபாய் ஐம்பது காசு.
எதிரே என் சிவப்புப் பேனா.

பாளையங்கோட்டையில் பள்ளிக்கூடத்துக்குப் பஞ்சமில்லை.
மார்ச் முழுக்க ஒவ்வொன்றாய் ஏறி இறங்கி
நாற்காலிக்குக் கால் எண்ணுகிறவள் நான்.
நாலில் ஒன்று குறைந்தால் பழுது.
உலகத்துக்கு எவ்வளவு குறைந்தால் பழுது என்று
விதியில் இல்லை.

அலமாரி உச்சியிலிருந்து சொரிமுத்து இறக்கிவைத்தார்.
துண்டால் ஒரு சுற்று.
இரண்டு ஜெர்மனி. பர்மா. சிலோன்.
ரோஸ் நிறத்தில் அகண்டு கிடக்கிற சோவியத்.
இல்லாத நாடெல்லாம் பளிச்சென்று இருக்க
இருக்கிற ஊர்தான் இல்லை.
மதுரைக்குக் கீழே வெறும் வெள்ளை அட்டை,
நடுவில் ஒரு துளை, மிளகு போகும்.

"நம்ம ஊரு எங்கன்னு ஒவ்வொரு பிள்ளையும் தொடும்லா"
என்றார் ஹெலன் ரத்னபாய் டீச்சர்.
"காம்பஸ் முனையால ஒருத்தன் குத்தியும் பாத்துட்டான்."
அறுபது வருட விரல்கள்
பொருநையை, பொதிகையை, தேரிக்காட்டைக்
குமரி முனை வரை வழித்தெடுத்திருந்தன.
பக்கத்து வீடு என்பதால் சிலோனிலும் பாதி போச்சு.
பசிபிக்கை எவரும் தொடவில்லை;
கடையிலிருந்து வந்த அன்றைய நீலம்.

உருண்டையைப் பிடித்தவர்களைப் பற்றிக்
கொஞ்சம் தெரியும் எனக்கு.
கடல் தாண்டி ஆண்ட ராஜாக்களின் படத்தில்
கையிலே பொன் உருண்டை, உச்சியில் சிலுவை,
உள்ளங்கைக்கு அடங்கியதுதான் பூமி என்று
நம்மை நம்பவைக்க.
வராகம் கொம்பில் தூக்கியது,
தூக்கியதற்கு ரசீது கொடுக்கவில்லை.
எங்கள் தெருக் கெபியில் மாதா அதன்மேல் நிற்கிறாள்
வெறுங்காலோடு.
வழுக்காதா என்று ஏழு வயதில் கேட்டு
அடி வாங்கினேன்.
இவர்களில் யாரும் அதில் தன் வீட்டைத்
தேடியதாகத் தகவல் இல்லை.

கோள் என்றால் கிரகம்.
கோள் என்றால் புறணியும்தான்.
அதைச் சொல்லித்தான் எனக்குச் சம்பளம்.

அச்சைக் கழற்றியதும் வடதுருவத்தில் ஓட்டை.
ஏன் என்று கேட்காதீர்கள், கண்ணை வைத்தேன்.
திருநெல்வேலித் துளை சன்னல் பக்கம்.
முதலில் இருட்டு.
பிறகு பசிபிக்கின் உள்பக்கத்தில்,
பசை காய்ந்த பழுப்பில்,
ஊசிக் கோபுரம் ஒன்று தலைகீழாக.
முனைக்குக் கீழே வானம்.
மேலே, சக்கரம் மேலாக, ஒரு பஸ் ஊர்ந்து போயிற்று
சமாதானபுரம் பக்கம்.
"என்ன மேடம் தெரியுது?"
"ஒண்ணுமில்ல. காலி."

மேலப்பாளையம் மீரான் கனி தராசோடு வந்தார்.
ஸ்டாண்டுக்கு இரும்பு விலை,
உருண்டைக்கு அட்டை விலை.
எடைக்கல் என்று எடுத்தது துருப்பிடித்த இரும்புக் குண்டு;
கோட்டை இடித்த மண்ணில்
வாப்பாவுக்கு வாப்பா பொறுக்கியதாம்.
முத்திரை இல்லாத எடை.
நான் ஆட்சேபித்திருக்க வேண்டும்.
அந்தத் தட்டில் அது, இந்தத் தட்டில் இது.
குண்டு தரை தட்டியது.
உலகம் மேலே போய்
நெடுநேரம் ஆடிக்கொண்டிருந்தது.
"உள்ள காத்துதானே மேடம்" என்றார் கனி.
பதினொரு ரூபாய்.

வண்டியில் இடமில்லை.
துருவத்துக்குத் துருவம் சணல் கோத்து
ஹேண்டில்பாரில் மாட்டினார்.
ஞாலுதல் என்றால் தொங்குதல்,
அதனால்தான் ஞாலம் என்று
மார்க்குக்காகப் படித்தது
முருகன்குறிச்சித் திருப்பம் வரைக்கும்
வெயிலில் ஆடி ஆடிப் போனது.

குறைவுக்கான காரணம் என்ற கட்டத்தில் எழுதினேன்:
ஊரைத் தொட்டுப் பார்த்ததால் தேய்மானம்.

ஜூனில் கோப்பு திரும்பி வந்தது.
காரணம் தெளிவாக இல்லை.
எந்த ஊர் எனக் குறிப்பிடவும்.