தொகோய் ஆற்றின் நடுவே ஒரு தேநீர்

இந்தக் கரைக்கும் அந்தக் கரைக்கும் அறுநூறு மீட்டர்.
டீசல் ஒழுங்காக இருந்தால் ஏழு நிமிடம்.
கரையில் நிற்பவர் கடிகாரத்தில் அதுவே
இருபது, சில நாள் முப்பது.
மிச்சத்தைத் தொகோய் எங்கே வைத்துக்கொள்கிறது என்று பார்க்க
யாகூத்ஸ்கிலிருந்து மூன்று பேர் கருவிகளோடு வந்தார்கள்.
அளந்து முடித்துக் கரையேறியபோது
அவர்களுடைய பேருந்து போய்விட்டிருந்தது.

கடன்காரர்கள் என் படகில் ஏறமாட்டார்கள்.
வட்டி கரையில்தானே குட்டி போடுகிறது.

நான் குன்னேய்.
துயாராவுக்குப் பன்னிரண்டு நிமிடம் முன்னால் பிறந்தவள்.
இருபத்திரண்டு கோடைகள் சுக்கான் பிடித்ததில்
அந்தப் பன்னிரண்டும் எப்போதோ தண்ணீரோடு போய்
இப்போது அவள் என்னைவிட ஒரு வயது மூத்தவள்.
"அக்கா என்று கூப்பிடடி" என்பாள்
மீனின் செதிலைச் சுரண்டிக்கொண்டே.
கூப்பிட்டதில்லை.

அந்த ஜூலையில் லார்ச் காடு எரிந்தது.
சூரியன் செம்புக் காசு.
துயாரா வயிற்றைப் பிடித்துக்கொண்டு மடங்கினாள்.
மருந்தகத்து மிச்சில் வலப்பக்கம் அழுத்தி
விரலை எடுத்தபோதுதான் அலறினாள்.
"குடல்வால்" என்றான்.
வானொலியில் ஒரு குரல்:
புகை விலகினால் ஹெலிகாப்டர்.
நாளை. அல்லது மறுநாள்.
குடல்வாலுக்கு மறுநாள் கிடையாது.

ஆற்றின் நடுவே சிவப்பு மிதவை.
அங்கே எஞ்சினை அணைக்கக் கூடாது என்பது
என் வேலையின் முதல் விதி.
மெத்தையோடு அவளைத் தூக்கி வந்து
அங்கேதான் நங்கூரம் போட்டேன்.
"வந்ததும் வெள்ளைத் துணி காட்டு" என்று
மிச்சிலிடம் சொல்லியிருந்தேன்.

பிளாஸ்கிலிருந்து தேநீர் ஊற்றினேன்,
பால், கொஞ்சம் உப்பு.
அவளுக்கு ஒரு வாய்கூடக் கொடுக்கக் கூடாதாம்.
வாசனையாவது பிடி என்றேன்.
திட்டினாள். திட்ட முடிகிறதே என்றிருந்தது.

தலை நிமிர்ந்தபோது
கரை ஓடிக்கொண்டிருந்தது.
இருட்டு வந்தது, இமைப்பதற்குள் போனது.
புகை மூச்சு வாங்கியது.
மனிதர்கள் இல்லை, குதிரைகள் இல்லை,
நடப்பது எதுவும் கண்ணுக்கு நிற்கவில்லை.
அசையாதவை மட்டும் தெரிந்தன:
மின்கம்பம்,
கவிழ்த்துப் போட்ட படகு,
அதன் பக்கத்தில் ஒரு சிவப்புச் சட்டை.

கயிற்றில் காய்வது என்றுதான் நினைத்தேன்.
துயாரா தலையைத் திருப்பவில்லை,
நானும் சொல்லவில்லை.

இருட்டு இன்னொருமுறை.
இன்னொருமுறை.
கோப்பையின் அடியில் சூடு மிச்சமிருந்தபோது
வெள்ளைத் துணி ஏறியது.

கரை நெருங்க நெருங்க
சிவப்புச் சட்டைக்குக் கால்கள் முளைத்தன,
உதடு வெடித்த ஒரு முகம் முளைத்தது.
எர்ஹான். அவள் மகன். ஐந்து வயது.
"மூன்று நாள்" என்றான் மிச்சில்.
"சூப்பை அங்கேயே கொண்டுபோய்க் கொடுத்தோம்.
தூங்கினால் நின்றபடிதான்."
பையன் அம்மாவைப் பார்த்தான்.
பிறகு என் கையில் இருந்த கோப்பையை,
அதில் இன்னும் எழும் ஆவியை,
நெடுநேரம்.

துயாரா பிழைத்தாள்.
தழும்பைக் காட்டிக் காட்டிப் பெருமையடிப்பாள்.
எர்ஹானுக்கு இப்போது எட்டு. படகில் ஏறமாட்டான்.
அவள் என்னோடு அக்கரைக்குப் போனால்
கவிழ்த்த படகின் மேல் உட்கார்ந்து
கரித்துண்டால் பலகையில் கோடு போடுவான்.
"ஏழு நிமிடம்தானேடா போனோம்" என்பேன்.
பலகையைத் திருப்பிக் காட்டுவான்:
ஆயிரத்து எண்ணூற்று நாற்பது.

நான் மறுத்துப் பேசுவதில்லை.
எண்ணியவன் அவன்.