பங்காளி

ஏழாவது டேக்.
பெருமாள்மலை வளைவில், பேரி மரத்தடியில்
சிகப்பி மேடம் காமிராவுக்குக் கையை விரித்தார்:
நகம், கட்டைவிரல், ரேகை.
"குரங்கிலிருந்து நாம் வரவில்லை.
குரங்கும் நாமும்..."
வத்தலக்குண்டு பஸ் ஹாரன் அடித்தது.
கட்.

மைக் கோலை இறக்கித் தோளை உதறிக்கொண்டேன்.
பஸ் அவரைக் காப்பாற்றியது.
அந்த வாக்கியத்துக்கு அவரிடம் முடிவில்லை.
இங்கிலீஷ் படத்தில் கசின் என்று முடித்துவிட்டார்.
தமிழில் கசின் கிடையாது.
சித்தப்பா மகனா மாமன் மகனா
கேட்காமல் உள்ளே விடாது இந்த மொழி.

"உறவினர்னு சொல்லிடுங்க மேடம்" என்றான் ஜோயல்.
"அது மொய் நோட்டுச் சொல்லுடா."
"அப்ப மச்சான்?"
"பொண்ணு குடுப்பியா?"
சிரித்தோம்.

மரத்திலிருந்தவர்கள் சிரிக்கவில்லை.
நடுவகிடு எடுத்த கடுவன் ஒன்று
ஒரு காயைக் கடித்து, பிடிக்காமல் எறிந்து,
அடுத்ததைப் பறித்தது.
தகரத்தைத் தட்டிக்கொண்டு ஓடிவந்தார் தோட்டக்காரர்:
"பாதிக் காய் இதுங்களுக்கே போகுது,
என்னமோ பத்திரத்துல பேர் இருக்கிற மாதிரி!"

மேடம் திரும்பினார்.
"ஜோயல், ஓடவிடு."

"குரங்கும் நாமும் பங்காளிகள்.
இரண்டரைக் கோடி வருசத்துக்கு முன்னால்
ஒரே வம்சம் இரண்டாகப் பிரிந்தது.
சொத்தை யாரும் பிரித்து எழுதவில்லை.
வேலி, நாமாகப் போட்டுக்கொண்டது."

பஸ் வரவில்லை.
ஹெட்போனில் அவர் மூச்சு,
பின்னால் பேரிக்காய் கடிபடும் சத்தம்.
வெட்ட வேண்டாம் என்று நோட்டில் குறித்தேன்.

சாயங்காலம் கொடைக்கானல் ஏறும்போது மூடுபனி.
வெள்ளி அருவிக்குக் கொஞ்சம் முன்னால்
மொக்கச்சாமி வண்டியை ஓரங்கட்டினார்.
எங்களுக்கு முன் போன ஏதோ ஒரு கார்.
தார்மேல் ஒரு மந்தி,
உள்ளங்கை மேலே பார்க்க.
நகம், கட்டைவிரல், ரேகை.
ஜோயல் காமிராவைத் தொடவில்லை.
மேடம்தான் தூக்கிக்கொண்டு போய்
கைப்பிடிச் சுவருக்கு அந்தப் பக்கம் கிடத்திவிட்டு வந்தார்.

லாட்ஜில், வெந்நீர் காலை ஆறு மணிக்குத்தான் என்றார்கள்.
என் அறைக்கும் அவர் அறைக்கும் ஒரே சுவர்.
ஏழரைக்குக் குழாய் திறந்தது.
வாளி நிறைந்தது.
தோளில் விழும் தண்ணீருக்கு ஒரு சத்தம்,
தலையில் விழுவதற்கு வேறொன்று.
கேட்பதுதானே என் தொழில்.
தீட்டு என்று யாராவது சொன்னாலே
சண்டைக்குப் போகிறவர்.
எண்ணினேன்: பதினோரு சொம்பு,
நடுவில் ஒரு தும்மல்.

காலையில், காயாத கூந்தலோடு,
காப்பியை இரண்டு கையாலும் பிடித்தபடி கேட்டார்:
"அந்தப் பங்காளி டேக் சரியா வந்திருக்கா?"
வந்திருக்கு மேடம், என்றேன்.